ஸ்கூல்ல போலீஸ் வேணுமா வேணாமான்னு கேட்ட ஒரு அம்மாவுக்கு

வாசகி கேள்வி:

அக்கா, நாங்க டெக்சாஸ்ல டல்லஸ் பக்கத்து சபர்ப் ஒண்ணுல இருக்கோம். பையனுக்கு 13 வயசு, எட்டாவது படிக்கிறான். பொண்ணு பதினொண்ணாவது. பையனோட ஸ்கூல்ல துப்பாக்கியோட ஒரு போலீஸ் ஆஃபீசர் இருக்கார், பசங்களோட நல்லா சிரிச்சுப் பேசுவார். போன வாரம் பசங்க ஸ்னாப்சாட் குரூப்ல எவனோ "நாளைக்கு யாரும் வராதீங்க, வெடிக்கப் போகுது"ன்னு விளையாட்டா போட்டிருக்கான். என் பையனை கிளாஸ்லேர்ந்து கூப்பிட்டு வைஸ் பிரின்சிபால் ரூம்ல ரொம்ப நேரம் கேள்வி கேட்டிருக்காங்க, அந்த ஆஃபீசரும் உட்கார்ந்திருக்கார். இவனே ஃபோனை திறந்து காட்டிட்டான். எங்களுக்கு சாயந்திரம் தான் தெரியும். அவன் மேல தப்பு இல்லைன்னு சொல்லிட்டாங்க, ஆனா அன்னிலேர்ந்து சரியா தூங்க மாட்டேங்கிறான். வீட்டுக்காரர், "போலீஸ் இருக்கணும், யுவால்டி ஸ்கூல் துப்பாக்கிச் சூட்டுக்கு அப்புறம் இதுல பேச்சே இல்ல"ங்கறார். பொண்ணு போலீஸை ஸ்கூல்லேர்ந்து எடுக்கணும்னு கையெழுத்து வாங்கறா. அடுத்த மாசம் ஸ்கூல் போர்டு, ஸ்கூல்ல போலீஸ் வைக்கற கான்ட்ராக்டை புதுப்பிக்கப் போகுதாம். யார் சொல்றது சரி? பையன்கிட்ட நான் என்ன சொல்லட்டும்?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு, முதல்ல பையனைப் பத்திப் பேசிடுவோம், போர்டு எல்லாம் அப்புறம். தூக்கம் வராத குழந்தை தான் இப்ப அவசரம்.

டெக்சாஸ் பப்ளிக் ஸ்கூல்கள்ல கவுன்சிலரா நான் வேலை பாக்கறேன், வக்கீல் இல்ல. இந்த மாதிரி ரூம்லேர்ந்து வெளிய வந்த பசங்க நிறைய பேரு அடுத்து வந்து உட்கார்றது என் ரூம்ல தான். அவங்க எல்லாரும் ஒரே கேள்வியைத் தான் திரும்பத் திரும்ப மனசுல ஓட்டிட்டு இருப்பாங்க, "நான் சொன்னதால யாராவது மாட்டிக்கிட்டாங்களா, இல்ல நான் சொல்லாம விட்டதால நான் மாட்டிக்கப் போறேனா"ன்னு. உங்க பையனும் அதைத் தான் நினைச்சிட்டு இருப்பான். "அதான் ஒண்ணும் இல்லைன்னு சொல்லிட்டாங்கள்ல, விடுடா"ன்னு சொன்னா அவனுக்கு அது உதவாது, அவன் பேசறதையே நிறுத்திடுவான். காரை ஓட்டும்போதோ ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறமோ, அந்த ரூம்ல யார் யார் எங்க உட்கார்ந்திருந்தாங்க, கதவு மூடியிருந்ததா, என்ன கேட்டாங்க, நீ என்ன சொன்னேன்னு மெதுவா கேளுங்க. நடுவுல புத்தி சொல்லாதீங்க. அவன் சொல்லி முடிச்சதும், அவன் சொன்னதை அவன் வார்த்தையிலேயே தேதி போட்டு எழுதி வைங்க. அவனோட பயம் இறங்கறதுக்கும் அது உதவும், நாளைக்கு ஸ்கூல்ல பேச வேண்டி வந்தாலும் உதவும். ரெண்டு வாரம் கழிச்சும் தூக்கம் சரியாகல, ஸ்கூலுக்குக் கிளம்பும்போது வயித்து வலின்னு சொல்றான்னா, ஸ்கூல் கவுன்சிலரையும் பீடியாட்ரீஷியனையும் பாருங்க, தள்ளிப் போடாதீங்க.

அடுத்தது, எங்களைக் கூப்பிடாம இப்படி கேக்கலாமான்னு உங்க கடிதம் முழுக்க ஒரு ஆதங்கம் இருக்கு. நிலவரத்தை அப்படியே சொல்றேன். டெக்சாஸ்ல ஒரு குழந்தையை கஸ்டடியில எடுத்தா பெற்றோருக்கு உடனே சொல்லணும், கஸ்டடியில வாங்கற எழுத்து வாக்குமூலம் செல்லுபடியாகணும்னா ஒரு மாஜிஸ்ட்ரேட் அந்தக் குழந்தைக்கு உரிமைகளை விளக்கியிருக்கணும். ஆனா கஸ்டடின்னு சொல்லாம, "சும்மா பேசணும் வா"ன்னு கூப்பிட்டு ஆபீஸ் ரூம்ல வெச்சு கேக்கறதுக்கு அப்பா அம்மா கூட இருந்தே ஆகணும்னு மாநில சட்டத்துல இல்ல. அது டிஸ்ட்ரிக்ட் பாலிசியைப் பொறுத்தது. உங்க டிஸ்ட்ரிக்ட் வெப்சைட்ல போர்டு பாலிசி பக்கத்துக்குப் போய் ஜிஆர்ஏ லோக்கல்னு தேடுங்க, போலீஸோட ஸ்கூல் எப்படி நடந்துக்கணும்ங்கறது அந்த தலைப்புல தான் வழக்கமா வரும். பெரும்பாலும் "போலீஸ் விசாரிச்சா பிரின்சிபால் பெற்றோருக்குத் தெரிவிக்க முயற்சி செய்வார்"ங்கற ரீதியில ஒரு வரி இருக்கும். அந்த வரியைக் காட்டி, "எங்களுக்கு ஏன் சாயந்திரம் வரைக்கும் ஃபோன் வரல"ன்னு மரியாதையா ஒரு ஈமெயில் போடுங்க. சண்டை போடணும்னு இல்ல, பதிலை எழுத்துல வாங்கணும்.

இதே மாதிரி ஒரு வழக்கு சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போயிருக்கு. நார்த் கரோலினாவுல சேப்பல் ஹில்ல ஏழாவது படிக்கிற 13 வயசுப் பையன், யூனிஃபார்ம் போட்ட ஆஃபீசர் வந்து கிளாஸ்லேர்ந்து கூட்டிட்டுப் போய், மூடின கதவுக்குள்ள அரை மணி நேரத்துக்கு மேல விசாரிச்சாங்க, வீட்டுல பாட்டிக்கு ஃபோன் பண்ணல, நீ எழுந்து போகலாம்னு அவன்கிட்ட முதல்ல சொல்லவும் இல்ல. 2011ல கோர்ட் 5க்கு 4ன்னு தீர்ப்பு சொல்லிச்சு: கஸ்டடியா இல்லையான்னு பாக்கும்போது குழந்தையோட வயசைக் கணக்குல எடுக்கணும், பெரியவங்களுக்கு "கிளம்பறேன்"னு எழுந்து போக தைரியம் வரும், 13 வயசுக்கு வராது. இது நமக்கு கோர்ட் சொல்லித் தான் தெரியணும்னு இல்ல, ஆனா அந்தத் தீர்ப்பு இருக்கறது நல்லது.

ஃபோன் விஷயம் ரொம்ப முக்கியம், இதைக் கொஞ்சம் நிதானமா படிங்க. ஸ்கூல் ஊழியர்களுக்கு ஒரு அளவுகோல், போலீஸுக்கு வேற அளவுகோல். நியூ ஜெர்சி பிஸ்கேட்டவே ஹைஸ்கூல்ல ஒரு 14 வயசுப் பொண்ணோட கைப்பையை வைஸ் பிரின்சிபால் சோதனை போட்ட வழக்குல, 1985ல சுப்ரீம் கோர்ட், ஸ்கூல் ஆளுங்க சோதிக்க வாரண்ட் வேண்டாம், நியாயமான சந்தேகம் இருந்தா போதும்னு சொல்லிடுச்சு. போலீஸுக்கு அந்த சலுகை அப்படியே கிடையாது. நம்ம டெக்சாஸ்லயே, ஹன்ட்ஸ்வில்ல ஸ்கூல் பஸ்ல கலாட்டா பண்ணினதா பிடிச்ச ஒரு மாணவனோட செல்ஃபோனை வாரண்ட் இல்லாம ஒரு ஆஃபீசர் பாத்தார், அது செல்லாதுன்னு மாநிலத்தோட உச்ச கிரிமினல் கோர்ட் 2014 பிப்ரவரியில சொல்லிடுச்சு. அதே வருஷம் ஜூன்ல நாட்டுக்கே பொதுவா சுப்ரீம் கோர்ட்டும் அதையே சொல்லிச்சு. இவ்வளவு பாதுகாப்பு இருந்தும் உங்க பையன் அவனே பாஸ்வேர்டைப் போட்டு திறந்து கொடுத்துட்டான் பாருங்க, சம்மதம் கொடுத்துட்டா அப்புறம் வாரண்ட்டுக்கு வேலையே இல்ல. வைஸ் பிரின்சிபால் கேக்கறாரா போலீஸ் கேக்கறாரான்னு பிரிச்சுப் பாக்க 13 வயசுக்குத் தெரியாது, ரெண்டு பேரும் பக்கத்துல பக்கத்துல உட்கார்ந்தா பெரியவங்களுக்கே தெரியாது. அவன் பண்ணினது குத்தம் இல்ல, அவனுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கல, அவ்வளவு தான்.

இங்க நம்ம வீடுகளைப் பத்தி ஒண்ணு சொல்லியே ஆகணும். பெரியவங்க கேட்டா பதில் சொல்லணும், எதிர்த்துப் பேசக் கூடாது, மடியில கனமில்லைன்னா வழியில என்ன பயம்னு சொல்லிச் சொல்லித் தான் நாம வளர்க்கறோம். நல்ல வளர்ப்பு தான். ஆனா அந்த வளர்ப்போட ஒரு குழந்தை போலீஸ் முன்னாடி உட்கார்ந்தா, கேக்காததையும் சேர்த்துச் சொல்லும், சரியா ஞாபகம் இல்லாததை ஊகிச்சு சொல்லும், ஃபிரெண்ட் பண்ணினதை "நாங்க பண்ணினோம்"னு சொல்லும். அப்புறம் அந்த "நாங்க"ங்கற வார்த்தை ரிப்போர்ட்ல ஏறிடும். உண்மை பேசறது வேற, பெரியவங்க துணை இல்லாம வாக்குமூலம் கொடுக்கறது வேற, இந்த வித்தியாசத்தை நாம தான் வீட்டுல சொல்லித் தரணும்.

அதனால அவன்கிட்ட இப்படிச் சொல்லுங்க. ஆஃபீசர் குட்மார்னிங் சொன்னா நீயும் சொல்லு, ஃபுட்பால் பத்திப் பேசினா பேசு, ஆபத்துன்னு தெரிஞ்சா, யார்கிட்டயாவது துப்பாக்கி இருக்குன்னு கேள்விப்பட்டா, ஒரு நிமிஷம் கூட யோசிக்காம ஓடிப் போய் அவர்கிட்டயே சொல்லு. ஆனா நீ என்ன பண்ணின, உன் ஃபிரெண்ட் என்ன பண்ணினான்னு ரூமுக்குள்ள வெச்சு கேட்டா, "ஐயம் நாட் ஹைடிங் எனிதிங் சார், ஐ வாண்ட் மை மாம் ஆர் டாட் ஹியர் ஃபர்ஸ்ட்"னு சொல்லு. ஃபோனைக் கேட்டா, "மை பேரண்ட்ஸ் ஹேவ் டு ஓகே தட்". எழுந்து ஓடாத, கையைத் தட்டி விடாத, பொய் சொல்லாத, குரலை உசத்தாத. இந்த ரெண்டு வாக்கியத்தையும் இங்கிலீஷ்லயே வீட்டுல நாலஞ்சு தடவை சொல்லிப் பழக்குங்க, நீங்களே ஆஃபீசர் மாதிரி உட்கார்ந்து கேளுங்க. வெறும் அறிவுரையா சொன்னா அந்த நேரத்துல வாய் வராது, சொல்லிப் பழகினா வரும்.

இன்னொண்ணையும் அவனுக்குப் புரிய வைங்க. அந்த ஆஃபீசர் நல்லவரா இருக்கலாம், நான் கூட வேலை பாத்த பலர் நல்லவங்க தான். ஆனா இந்த வேலைக்கு பயிற்சி கொடுக்கும்போதே பாதுகாக்கறவர், பாடம் எடுக்கறவர், அண்ணன் மாதிரி ஆலோசனை சொல்றவர்னு மூணு வேஷத்தையும் சேர்த்துத் தான் சொல்லித் தர்றாங்க. மூணாவது வேஷத்தை நம்பி ஒரு பையன் மனசைத் திறந்தா, முதல் வேஷக்காரர் அதை ரிப்போர்ட்ல எழுதலாம். என்கிட்ட ஒரு பையன் பேசினா எனக்கு தொழில் கட்டுப்பாடு இருக்கு, உயிருக்கு ஆபத்து மாதிரி விஷயம் தவிர நான் ரகசியம் காக்கணும். அவருக்கு அப்படி ஒரு கட்டுப்பாடு இல்ல, இருக்கவும் முடியாது, அவர் வேலை அது.

இப்ப உங்க வீட்டுக்காரர் சொல்றதுக்கு வர்றேன். அவர் பயம் நியாயம். 2022 மே 24ல யுவால்டி ராப் எலிமெண்டரியில 19 குழந்தைங்களும் 2 டீச்சர்களும் செத்தாங்க, இந்த மாநிலத்துல குழந்தையை ஸ்கூலுக்கு அனுப்பற யாருக்கும் அது நெஞ்சுலேர்ந்து போகாது. அதுக்கு அடுத்த வருஷம் தான் டெக்சாஸ் சட்டசபை ஹெச்பி 3ன்னு சட்டம் போட்டு, ஒவ்வொரு ஸ்கூல்லயும் ஆயுதம் வெச்ச ஒரு ஆள் இருக்கணும்னு சொல்லிச்சு, 2023 செப்டம்பர் 1 முதல் அமல். செலவுக்கு அப்போ மாநிலம் கொடுத்தது ஒரு ஸ்கூலுக்கு 15,000 டாலரும் ஒரு மாணவருக்கு 10 டாலரும், ஒரு ஆஃபீசர் சம்பளத்துக்கு அது எந்த மூலைக்கு. ஆள் கிடைக்கல, காசு இல்லைன்னு டிஸ்ட்ரிக்ட் காரணம் சொன்னா, மாற்று ஏற்பாடா ஸ்கூல் ஊழியர்களுக்கே பயிற்சி கொடுத்து துப்பாக்கி வெச்சுக்க விடலாம், பல சின்ன ஊர்கள்ல அது தான் நடக்குது. இதை உங்க பொண்ணுக்கும் சொல்லுங்க, ஏன்னா டெக்சாஸ்ல "போலீஸே வேணாம்"னு போர்டு முடிவு எடுத்தா அந்த இடம் காலியா இருக்காது, வேற யாரோ துப்பாக்கியோட வருவாங்க. அது பயிற்சி குறைஞ்ச ஆளாக்கூட இருக்கலாம்.

போலீஸ் இருந்ததால காப்பாத்தப்பட்ட இடங்கள் இருக்கா? இருக்கு. மேரிலாண்ட் கிரேட் மில்ஸ் ஹைஸ்கூல்ல 2018 மார்ச்ல ஒரு பையன் சுட்டப்ப ஆஃபீசர் சில நிமிஷத்துக்குள்ள எதிர்ல போய் நின்னார், அப்பவும் ஒரு பொண்ணு இறந்து போச்சு, ஆனா அது அங்கயே நின்னுடுச்சு. ஜார்ஜியா அபாலச்சி ஹைஸ்கூல்ல 2024 செப்டம்பர் 4ல நாலு பேர் இறந்தாங்க, ஸ்கூல்ல இருந்த ஆஃபீசர்கள் நேர்ல வந்ததும் 14 வயசுப் பையன் சரணடைஞ்சான். ஹூஸ்டன் பக்கத்து சாண்டா ஃபே ஹைஸ்கூல்ல 2018 மே மாசம் பத்து பேர் இறந்தப்ப, உள்ள போன ஸ்கூல் ஆஃபீசர் ஒருத்தர் குண்டடி பட்டு சாகப் பொழைக்கக் கிடந்தார்.

ஆனா இன்னொரு பக்கமும் அதே அளவு உண்மை. 1999ல துப்பாக்கிச் சூடு நடந்த கொலம்பைன் ஹைஸ்கூல்ல ஆஃபீசர் இருந்தார். 2018ல ஃப்ளோரிடா பார்க்லண்ட் ஹைஸ்கூல்ல இருந்தார், வெளியவே நின்னுட்டார், 17 பேர் போயிட்டாங்க. யுவால்டியில ஸ்கூல் டிஸ்ட்ரிக்ட்டுக்குன்னே தனி போலீஸ் டிபார்ட்மெண்ட் இருந்தது, அன்னிக்கு மொத்தம் 376 போலீஸ்காரங்க வந்து சேர்ந்தாங்க, துப்பாக்கிக்காரன் இருந்த கிளாஸுக்குள்ள போக 77 நிமிஷம் ஆச்சு. 1980லேர்ந்து 2019 வரைக்கும் நடந்த 133 ஸ்கூல் துப்பாக்கி சம்பவங்களை எடுத்துப் பாத்த ஒரு ஆய்வு 2021ல மருத்துவ இதழ் ஜாமா நெட்வொர்க் ஓபன்ல வந்தது. ஆயுதம் வெச்ச காவல் இருந்த இடங்கள்ல காயமோ சாவோ குறைஞ்சதா அதுல தெரியல. சாகணும்னே முடிவு பண்ணி வர்ற பையனை ஒரு யூனிஃபார்ம் தடுக்காது, இது நான் கவுன்சிலரா பாத்த மனசோடயும் ஒத்துப் போகுது. 2023ல வந்த இன்னொரு பெரிய ஆய்வு ரெண்டு பக்கத்துக்கும் வேலை வைக்குது: ஆஃபீசர் இருக்கற ஸ்கூல்கள்ல அடிதடி மாதிரி சில வன்முறைகள் குறையுது, துப்பாக்கி சம்பவம் குறையல, சஸ்பென்ஷனும் அரெஸ்ட்டும் கூடுது, கறுப்பினப் பசங்களுக்கும் மாற்றுத்திறனாளிப் பசங்களுக்கும் ரொம்பவே கூடுது.

டெக்சாஸை மட்டும் எடுத்துப் பாத்த ஒரு ஆய்வு 2019ல வந்தது, எனக்கு மனசுல நின்னது அது தான். ஸ்கூல் போலீஸுக்கு மத்திய அரசு பணம் வந்த டிஸ்ட்ரிக்ட்கள்ல மிடில் ஸ்கூல் தண்டனைகள் 6 சதவீதம் கூடியிருக்கு, கூடினது பூராவும் சின்னச் சின்ன தப்புகளுக்கு, ரூல்ஸ் மீறலுக்கு. ஹைஸ்கூல் முடிக்கறவங்க 2.5 சதவீதம் குறைஞ்சிருக்காங்க, காலேஜ் போறவங்க 4 சதவீதம் குறைஞ்சிருக்காங்க. மிடில் ஸ்கூல், சின்ன தப்பு. உங்க பையன் வயசு, உங்க பையன் விஷயம்.

ஸ்கூல்ல போலீஸ் இருக்கறதா இல்லையாங்கறதை விட அவர் எதுல தலையிடறார்ங்கறது தான் குழந்தைங்க வாழ்க்கையைத் தீர்மானிக்குது, இது தான் என் அபிப்பிராயம். துப்பாக்கி வந்தா, கத்தி வந்தா, வெளி ஆள் உள்ள நுழைஞ்சா, அவர் வேணும். ஹோம்வொர்க், கெட்ட வார்த்தை, ஃபோன், தள்ளுமுள்ளு, முட்டாள்தனமான மெசேஜ் இதுக்கெல்லாம் டீச்சர் இருக்காங்க, வைஸ் பிரின்சிபால் இருக்கார், நான் இருக்கேன். இந்தக் கோடு அழிஞ்சா என்ன ஆகும்னு நாடு பூரா பாத்தாச்சு. சவுத் கரோலினாவுல 2015ல ஃபோனை கொடுக்கலைன்னு ஒரு பொண்ணை டெஸ்க்கோட சேர்த்து ஆஃபீசர் கவிழ்த்துத் தள்ளின வீடியோவை எல்லாரும் பாத்தோம். அதே வருஷம் செப்டம்பர்ல உங்க ஊர்ப் பக்கமே, இர்விங்ல, வீட்டுல செஞ்ச கடிகாரத்தை டீச்சருக்குக் காட்ட கொண்டு போன 14 வயசு முஸ்லிம் பையனுக்கு விலங்கு மாட்டினாங்க, கடைசியில ஒரு கேஸும் இல்ல. 2019ல ஆர்லாண்டோவுல ஆறு வயசுக் குழந்தையை ஒரு ஆஃபீசர் அரெஸ்ட் பண்ணினார். இதுல ஒரு இடத்துலயாவது துப்பாக்கிக்காரன் வந்தானா?

நான் பக்கத்துல இருந்து பாத்த ஒண்ணு சொல்றேன், எந்த ஸ்கூல்னு வேண்டாம். ஒன்பதாவது படிக்கிற பையன், பையில ஒரு வேப் பேனா (எலக்ட்ரானிக் சிகரெட்), ஃபிரெண்ட் "வெச்சுக்கோடா அப்புறம் வாங்கிக்கறேன்"னு கொடுத்தது. அவன் நினைச்சது நிக்கோடின்னு. ஆஃபீசர் டெஸ்ட் பண்ணினார், டிஹெச்சி எண்ணெய், அதாவது கஞ்சாவோட போதைச் சத்து. டெக்சாஸ்ல அந்த எண்ணெய் ஒரு கிராமுக்குக் குறைவா இருந்தாலும் ஃபெலனி, அதாவது கடுமையான குற்றம், கஞ்சா இலையை விட அதுக்கு தண்டனை ஜாஸ்தி, இது நம்ம பெற்றோர் பாதிப் பேருக்குத் தெரியவே தெரியாது. கையைப் பின்னாடி மடக்கி விலங்கு மாட்டும்போது அந்தப் பையன் என்னைப் பாத்து, "மிஸ், மூணாவது பீரியட்ல அல்ஜீப்ரா டெஸ்ட் இருக்கு, அதுக்குள்ள விட்ருவாங்களா"ன்னு கேட்டான். அவங்க அம்மா வந்து சேர்றதுக்குள்ள வண்டி கிளம்பிடுச்சு. பேனா வெச்சிருந்தது தப்பு தான், நான் இல்லைன்னு சொல்லல. அதுக்கு வீட்டுக்கு ஃபோன், கவுன்சிலிங், ஆல்டர்னேட்டிவ் ஸ்கூல்னு எத்தனையோ படிகள் இருக்கு, அத்தனையையும் தாண்டி ஒரே தாவலா ஜெயில் வண்டிக்குப் போனது தான் என்னால ஜீரணிக்க முடியல. உங்க பசங்க ரெண்டு பேர்கிட்டயும் இன்னிக்கே சொல்லுங்க, அடுத்தவங்க பேனாவை, பையை, பொட்டலத்தை அஞ்சு நிமிஷம் கூட கையில வாங்கக் கூடாது.

அதே மாதிரி "வெடிக்கும்", "சுட்டுடுவேன்"ங்கற மெசேஜ். அது விளையாட்டு இல்ல, டெக்சாஸ்ல ஸ்கூலை மிரட்டற பேச்சுக்கு தனியா கிரிமினல் சட்டம் இருக்கு, ஸ்கூல் சம்பந்தப்பட்ட பொய் மிரட்டல் ஃபெலனி வரைக்கும் போகும். ஸ்கூல் அதை விசாரிக்காம விடவும் முடியாது, அன்னிக்கு அவங்க விசாரிச்சது சரி, விசாரிச்ச விதம் தான் கேள்வி. அந்த மாதிரி மெசேஜ் வந்தா சிரிக்கற எமோஜி போடறது, ஃபார்வர்ட் பண்றது ரெண்டும் கூடாது, உடனே உங்ககிட்ட காட்டணும்.

பொண்ணு விஷயத்துல ஒரு முக்கியமான எச்சரிக்கை. டெக்சாஸ்ல 17 வயசு ஆயிடுச்சுன்னா கிரிமினல் சட்டத்துக்கு அவ பெரியவ. பதினொண்ணாவதுன்னா அவ அந்த வயசுல இருப்பா, இல்ல சீக்கிரம் வந்துடும். ஜுவனைல் கோர்ட் 10லேர்ந்து 16 வரைக்கும் தான். நீங்க ஹெச்1பியிலயோ கிரீன் கார்டு வரிசையிலயோ இருந்தா இது இன்னும் கனமான விஷயம், 17ல வாங்கற போதைப் பொருள் தண்டனை விசாவையே தொடும். கடவுள் புண்ணியத்துல அப்படி எதுவும் வராது, வந்தா கிரிமினல் வக்கீல் கேஸை முடிச்சுக் கொடுக்கறதுக்கு முன்னாடியே இமிகிரேஷன் வக்கீலையும் கூட உட்கார வைங்க. சின்னதா ஃபைன் கட்டி முடிச்சுடலாம்னு நினைச்சு ஒத்துக்கிட்டது பின்னாடி இமிகிரேஷன்ல பெருசா வந்து நிக்கும்.

உங்க பொண்ணு செய்யறதை நிறுத்தச் சொல்லாதீங்க. அவ கேக்கறது ஆகாத விஷயமும் இல்ல, மினியாபொலிஸ்ல போலீஸ் கையில நடந்த ஜார்ஜ் ஃபிளாய்டு கொலைக்கு அப்புறம் 2020 ஜூன்ல ஸ்கூல் போர்டு போலீஸ் கான்ட்ராக்டை ரத்து பண்ணிச்சு, சிகாகோ போர்டு 2024 பிப்ரவரியில ஆஃபீசர்களை ஸ்கூல்லேர்ந்து எடுக்க ஓட்டுப் போட்டுச்சு. ஆனா டென்வரையும் அவ படிக்கணும். 2020ல அங்க எடுத்தாங்க, 2023 மார்ச்ல ஈஸ்ட் ஹைஸ்கூல்ல, ஆயுதம் வெச்சிருக்கானான்னு தினமும் தடவிப் பாக்க வேண்டிய ஒரு மாணவனை அன்னிக்கு ரெண்டு ஸ்கூல் நிர்வாகிகள் தடவிப் பாக்கப் போக, அவன் ரெண்டு பேரையும் சுட்டுட்டான். மூணே மாசத்துல போர்டு போலீஸைத் திரும்பக் கொண்டு வந்துடுச்சு. எடுத்துட்டு அந்த இடத்துல யாரை வைக்கப் போறோம்ங்கறதுக்கு பதில் இல்லாம எடுத்தா, அடுத்த சம்பவத்துல அது திரும்ப வந்துடும். அந்த பதில் சோஷியல் வொர்க்கர், சைக்காலஜிஸ்ட், கவுன்சிலர். ஒரு கவுன்சிலருக்கு 250 மாணவர்னு எங்க தொழில் சங்கம் சொல்லுது, உங்க ஸ்கூல்ல எத்தனைன்னு அவளை விசாரிக்கச் சொல்லுங்க, அந்த எண்ணை அவ பெட்டிஷன்ல முதல் வரியா போடட்டும்.

இப்ப போர்டு மீட்டிங். நீங்க கண்டிப்பா பேசணும், நம்ம ஆளுங்க ராபாட்டிக்ஸ் கிளப்புக்கும் ஸ்பெல்லிங் பீக்கும் கூட்டமா போவோம், இதுக்கு ஒருத்தர் கூட போறதில்ல. டெக்சாஸ்ல அஜெண்டாவை மூணு வேலை நாளுக்கு முன்னாடி போட்டாகணும், அதுல இருக்கற விஷயத்துல பொதுமக்கள் பேச உரிமை உண்டு. பேர் கொடுக்கற நேரம் ஒவ்வொரு டிஸ்ட்ரிக்ட்லயும் ஒரு மாதிரி, அதை முன்னாடியே பாத்துக்கோங்க. பேச ரெண்டு மூணு நிமிஷம் தான் கிடைக்கும், அதனால போலீஸ் வேணுமா வேணாமான்னு அங்க நின்னு தத்துவம் பேசாதீங்க. கையில சட்டத்தோட போங்க: டெக்சாஸ் எஜுகேஷன் கோட் 37.081. ஸ்கூல் போலீஸுக்கு அன்றாட ஒழுங்கு நடவடிக்கை வேலையைக் கொடுக்கக் கூடாதுன்னு 2019ல அதுல தெளிவாவே சேர்த்துட்டாங்க. ஆஃபீசரோட வேலைகள் என்னென்னன்னு போர்டு முடிவு பண்ணி ஸ்டூடண்ட் கோட் ஆஃப் காண்டக்ட்லயும், சிட்டி போலீஸோட போடற ஒப்பந்தத்துலயும் எழுதணும்னும் அதே சட்டம் சொல்லுது. அந்த ஒப்பந்தத்தோட காப்பியை பப்ளிக் இன்ஃபர்மேஷன் ரிக்வெஸ்ட் போட்டு இந்த வாரமே கேளுங்க, பதில் வர நாள் ஆகும்.

காப்பி வந்ததும் வீட்டுக்காரரும் பொண்ணும் நீங்களும் ஒரே மேஜையில உட்கார்ந்து படிங்க, ரெண்டு பேரும் கேக்கறது ஒரே பேப்பர்ல இருக்கும். துப்பாக்கிக்காரன் வந்தா காத்திருக்காம உடனே உள்ள போகணும்னு அதுல எழுதியிருக்கா, வருஷத்துக்கு எத்தனை தடவை அதுக்கு பயிற்சின்னு உங்க வீட்டுக்காரர் பாக்கட்டும். போன வருஷம் எத்தனை மாணவர்களை அரெஸ்ட் பண்ணினாங்க, என்ன காரணம், எந்த இனம், ஸ்பெஷல் எஜுகேஷன் பசங்க எத்தனை பேர், இந்த எண்களை வருஷா வருஷம் வெளியிடணும்னு இருக்கான்னு பொண்ணு பாக்கட்டும். நீங்க ஒரே ஒரு வரியைத் தேடுங்க: ஒரு மாணவனை ஆஃபீசர் விசாரிக்கும்போதோ, ஆஃபீசர் இருக்கற ரூம்ல வைஸ் பிரின்சிபால் விசாரிக்கும்போதோ, முதல் கேள்விக்கு முன்னாடி பெற்றோருக்கு ஃபோன் போகணும். அந்த வரி இல்லைன்னா அதைச் சேர்க்கணும்னு மட்டும் கேளுங்க, மூணு நிமிஷத்தையும் அதுக்கே செலவழிங்க. பையன் பேரைச் சொல்லாதீங்க, நடந்ததை மட்டும் சொல்லுங்க.

அந்த ஸ்கூல்ல ஆட்டிசம் உள்ள குழந்தைகளோட அம்மாக்கள் இருந்தா அவங்களையும் கூட சேர்த்துக்கோங்க. குழந்தை கட்டுப்பாடு இழக்கும்போது யாரைக் கூப்பிடணும், யாரைக் கூப்பிடக் கூடாதுன்னு ஏஆர்டி மீட்டிங்லயே (ஸ்பெஷல் எஜுகேஷன் திட்டத்தை முடிவு பண்ற மீட்டிங்) எழுதி வாங்கலாம். அஞ்சாவது வரைக்கும் படிக்கற குழந்தைகளுக்கு, கடுமையான ஆபத்து இல்லாத பட்சத்துல விலங்கு மாட்டக் கூடாதுன்னு 2023லேர்ந்து சட்டமே இருக்கு, பல பேருக்கு அது தெரியாது.

மீட்டிங் தேதி தெரிஞ்சதும் எனக்கு எழுதுங்க, நீங்க பேசப் போறதை முன்னாடியே அனுப்பினா நான் படிச்சு, நேரத்துக்குள்ள வர்ற மாதிரி சுருக்கித் தர்றேன். பையனோட தூக்கம் எப்படி இருக்குன்னும் அதுலயே ஒரு வரி எழுதுங்க.